பாதியில் நிறுத்திய பாஸ்தா

அக்காவின் பிரசவ நாள் நெருங்கிக்கொண்டிருந்தபோது அவள் வீட்டு ஃப்ரீசரை நிரப்பி வைக்கும் பொறுப்பை நானாகவே ஏற்றுக்கொண்டேன். குழந்தை பிறந்த முதல் சில வாரங்களில் அடுப்படியில் நிற்க அந்த வீட்டில் யாருக்கும் நேரமிருக்காது. எடுத்து ஓவனுக்குள் வைத்தால் போதும் என்கிற உணவாக இருக்க வேண்டும் என்று யோசித்து, ஓவனில் சுட்டெடுக்கும் பாஸ்தாவைத் தேர்ந்தெடுத்தேன். அன்றிரவே பரிமாறுவதற்குச் செய்வது போலவே பென்னேயைப் பதமாக வேகவைத்து, தக்காளி சாஸில் புரட்டி, மேலே சீஸ் தூவி, பொன்னிறமாகும் வரை ஓவனில் வைத்தெடுத்து, ஆறியதும் அப்படியே ஃப்ரீசருக்குள் தள்ளினேன். மூன்று வாரம் கழித்து அதைச் சூடாக்கிச் சாப்பிட்ட அக்கா தொலைபேசியில் சொன்னாள்: "ருசி நல்லாத்தான்டி இருக்கு. ஆனா பல்லுக்கு வேலையே இல்ல."

அவள் சொன்னதில் மிகை எதுவும் இல்லை என்பது, மிச்சத்தை நான் சாப்பிட்டுப் பார்த்தபோது தெரிந்தது. குழாய்களாக இருந்த பென்னே அமுங்கித் தட்டையாகியிருந்தது. தாராளமாக ஊற்றிய சாஸ் எங்கே போயிற்று என்று தேட வேண்டியிருந்தது. ஓரங்கள் காய்ந்து விறைத்திருக்க, நடுப்பகுதி மட்டும் சோர்ந்து குழைந்திருந்தது. வறட்சியும் குழைவும் ஒரே ட்ரேயில் குடித்தனம் நடத்த முடியும் என்பதை அன்றுதான் கண்டேன். அதன் பிறகு பலமுறை செய்து, உறையவைத்து, சாப்பிட்டுப் பார்த்ததில் எனக்கு விளங்கியது ஒன்றுதான். ஃப்ரீசருக்குப் போகும் பாஸ்தாவைச் சமைத்து முடிக்கக் கூடாது. ஒவ்வொரு கட்டத்திலும் சற்று முன்னதாகவே கையை எடுத்துவிட வேண்டும். மிச்ச வேலையைச் சாஸும் குளிரும் ஓவனும் பார்த்துக்கொள்ளும்.

நான் சொல்லப்போகும் அளவு 20 சென்டிமீட்டர் சதுரமும் 5 சென்டிமீட்டர் ஆழமும் கொண்ட இரண்டு ட்ரேக்களுக்கானது. ஒரு ட்ரேயை நான்கு பேர் வயிறாரச் சாப்பிடலாம். 500 கிராம் பாஸ்தா, இரண்டு பெரிய வெங்காயம், ஆறு பல் பூண்டு, 800 கிராம் டின் தக்காளி, 600 கிராம் காய்கறி, ஒரு லிட்டர் பால், 60 கிராம் வெண்ணெய், 60 கிராம் மாவு, 300 கிராம் மொசரெல்லா, 60 கிராம் பார்மசான் ஆகியவை தேவை. எல்லாவற்றையும் ஒரே பெரிய ட்ரேயில் நிரப்பிவிடலாமே என்று தோன்றும். அளவு பெரிதானால் உறைவதற்கு நேரம் கூடும். மெதுவாக உறையும் உணவில் பனிப்படிகங்கள் பெரிதாக வளர்ந்து, உருகும்போது நீர் கசியும். ஆகவே இரண்டு சிறிய ட்ரேக்கள், ஒவ்வொன்றிலும் நான்கு சென்டிமீட்டர் உயரத்துக்கு மேற்படாத நிரப்பல் என்பதே என் கணக்கு.

பாஸ்தாவின் வடிவத்தைத் தேர்ந்தெடுப்பதிலேயே பாதி வெற்றி இருக்கிறது. சுவர் தடித்த, வரி விழுந்த குழாய்களான ரிகாட்டோனியும் பென்னேயும் உறைந்து உருகிய பின்னும் தம் உருவத்தைக் காப்பாற்றிக்கொள்கின்றன. வளைந்த சிறு மக்கரோனி சீக்கிரமே தளர்ந்துவிடுகிறது. மெல்லிய ஸ்பகெட்டியை நான் இதற்குத் தொடுவதே இல்லை. டுரம் என்னும் கடினக் கோதுமையின் ரவையால் செய்ததுதானா என்று பொட்டலத்தைப் பார்த்து வாங்குவது நல்லது. அந்தக் கோதுமையின் புரதம் வலைபோலப் பின்னி மாவுச்சத்தை உள்ளே பிடித்து வைத்திருப்பதால்தான் பாஸ்தா வெந்த பிறகும் கரைந்துபோகாமல் நிற்கிறது.

நான்கைந்து லிட்டர் தண்ணீர் நன்றாகத் தளதளவென்று கொதித்ததும் லிட்டருக்குப் பத்து கிராம் என்ற கணக்கில் உப்புப் போட்டு, பாஸ்தாவைச் சேர்க்க வேண்டும். பொட்டலத்தில் 11 நிமிடம் என்று அச்சிட்டிருந்தால் நான் ஏழாவது நிமிடத்திலேயே ஒன்றை எடுத்துக் கடித்துப் பார்ப்பேன். கடித்த இடத்தில் வெளிவட்டம் மஞ்சளாக வெந்திருக்க, நடுவில் சுண்ணாம்புக் கோடுபோல ஒரு வெள்ளை வளையம் தெரிய வேண்டும். பல்லில் லேசாக ஒட்ட வேண்டும். அந்த நிலையில் அதைச் சாப்பிடப் பிடிக்காது. பிடிக்கவில்லை என்றால் சரியான பதம் என்று பொருள். பாஸ்தா வெந்த தண்ணீரில் ஒரு கோப்பை எடுத்து வைத்துக்கொண்டு உடனே வடித்து, ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் புரட்டி, அகலமான தட்டில் ஒரே அடுக்காகப் பரப்பிவிட வேண்டும். வடிதட்டிலேயே குவியலாக விட்டால் அதன் சூட்டிலேயே அது மேலும் வேகும். ஐந்து நிமிடம் கவனிக்காமல் விட்டால் நீங்கள் குறைத்த நான்கு நிமிடத்தையும் அது திருப்பி எடுத்துக்கொள்ளும். குளிர்ந்த நீரில் அலசுவோரும் உண்டு. மேலே படிந்திருக்கும் மாவுச்சத்து கழுவப்பட்டுப் போனால் சாஸ் வழுக்கி ஓடும் என்பதால் எனக்கு அதில் உடன்பாடில்லை.

தக்காளி சாஸைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. நான்கு மேசைக்கரண்டி எண்ணெயில் வெங்காயத்தைப் பொறுமையாக வதக்கி, பூண்டும் மிளகாய்த் துகளும் காய்ந்த ஆரிகானோவும் சேர்த்து, தக்காளியை நசுக்கி ஊற்றி, பச்சை வாசனை போக இருபது நிமிடம் கொதிக்கவிட்டால் போதும். வழக்கமாக எண்ணெய் பிரிந்து சுண்டும்வரை காத்திருப்போம். இங்கே அதற்கு முன்பே, கரண்டியிலிருந்து சாஸ் தாராளமாக ஒழுகும் நிலையிலேயே நிறுத்த வேண்டும். பசிய துளசி வகையான பேசிலைச் சமைக்கும்போது சேர்த்தால் உறைந்து கறுத்துவிடுகிறது. அதைப் பரிமாறும் நேரத்துக்கு ஒதுக்கிவைக்கலாம்.

வெள்ளை சாஸ்தான் என்னை மிகவும் அலைக்கழித்தது. முதல் சில முறை அது உறைந்து உருகியதும் திரிந்த பால்போலத் துகள் துகளாகி, அடியில் நீர் கட்டிக்கொண்டு நின்றது. பால் கெட்டுவிட்டது என்றே நினைத்தேன். குற்றம் பாலினுடையது அன்று, மாவினுடையது. வெந்த மாவுச்சத்து குளிரும்போது அதன் மூலக்கூறுகள் மீண்டும் நெருங்கி அடுக்கிக்கொள்கின்றன. அப்படி நெருங்கும்போது தாம் பிடித்து வைத்திருந்த தண்ணீரை வெளியே தள்ளிவிடுகின்றன. மைதாவின் மாவுச்சத்தில் அமைலோஸ் என்ற நீள் சங்கிலி கணிசமாக இருப்பதால் இது அதிகம் நேர்கிறது. பாத்திரத்தில் தனியாக இருக்கும் சாஸ் என்றால் சூடாக்கி வேகமாகக் கடைந்தால் பெரும்பாலும் ஒன்றுகூடிவிடும். ட்ரேயில் பாஸ்தாவுக்கு நடுவே புகுந்துவிட்ட சாஸை யார் கடைவது?

இதற்கு வழி, மைதாவின் ஒரு பங்குக்குப் பதிலாக ஒட்டும் அரிசியின் மாவைச் சேர்ப்பது. அந்த அரிசியின் மாவுச்சத்தில் அமைலோஸ் ஏறக்குறைய இல்லவே இல்லை. கிளை விட்ட அமைலோபெக்டின்தான் முழுவதும். அதனால் உறைந்து உருகினாலும் அது தண்ணீரை எளிதில் கைவிடுவதில்லை. சாதாரண அரிசி மாவு இந்த வேலைக்கு ஆகாது. நான் 40 கிராம் மைதாவும் 20 கிராம் ஒட்டும் அரிசி மாவும் எடுத்துக்கொள்கிறேன். வெண்ணெயை உருக்கி, இரு மாவையும் சேர்த்து, நிறம் மாறவிடாமல் இரண்டு நிமிடம் வறுத்து, பாலை முதலில் கரண்டி கரண்டியாகவும் பிறகு தாராளமாகவும் ஊற்றிக் கட்டி தட்டாமல் கிளறிக்கொண்டே இருந்தால் பத்து நிமிடத்தில் சாஸ் தயாராகிவிடும். கரண்டியின் முதுகில் படிந்த சாஸில் விரலால் கோடு இழுத்தால், கோடு ஒரு கணம் நின்று மெல்ல மூட வேண்டும். கோடு அப்படியே அழியாமல் நின்றால் அது இன்றிரவுக்கான சாஸ். இன்னும் கொஞ்சம் பால் ஊற்ற வேண்டும். உப்பு, மிளகு, ஒரு சிட்டிகை ஜாதிக்காய்த் தூள் ஆகியவற்றை இறக்கும்போது சேர்க்கிறேன்.

சாஸ் இவ்வளவு நீர்க்க இருக்கிறதே என்ற பயம் ஒவ்வொரு முறையும் எனக்கு எழுகிறது. அரைவேக்காட்டு பாஸ்தா ஃப்ரீசருக்குள் உறையும் வரையிலும், பிறகு உருகும்போதும், ஓவனில் சூடேறும்போதும் தொடர்ந்து நீரை உறிஞ்சிக்கொண்டே இருக்கும் என்பதை எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். என் முதல் ட்ரேயில் காணாமற்போன சாஸ் முழுவதும் பாஸ்தாவுக்குள்தான் இருந்தது. குழைவுக்கும் வறட்சிக்கும் ஒரே காரணம் என்பது அதனால்தான். ட்ரேயில் நிரப்பியதும் பாஸ்தா சாஸில் பாதியளவு மூழ்கி நிற்கவில்லை என்றால், எடுத்து வைத்த, பாஸ்தா வெந்த தண்ணீரைக் கொஞ்சம் தயங்காமல் ஊற்றிவிடுவேன்.

காய்கறிகளில் இதற்கு நேர்மாறான பிரச்சினை. அவற்றுக்குள் இருக்கும் நீர் உறையும்போது செல்சுவர்களைக் கிழித்துவிடுவதால், உருகியதும் அத்தனை நீரும் சாஸில் இறங்கிவிடும். காளானைச் சத்தம் அடங்கும் வரை வதக்க வேண்டும். வாணலியில் சடசடப்பு நின்று விளிம்புகள் பழுப்பாகத் தொடங்கினால் நீர் போய்விட்டது என்று பொருள். கத்தரிக்காயையும் குடைமிளகாயையும் ஓவனிலேயே வாட்டி எடுக்கலாம். பசலைக்கீரையை வதக்கி ஆறவைத்துக் கையால் பிழிய வேண்டும். ஒரு பெரிய கட்டு கீரை கடைசியில் உள்ளங்கையளவு உருண்டையாக ஒடுங்கும்போது மனம் நோகத்தான் செய்யும். உருளைக்கிழங்கை மட்டும் சேர்க்காதீர்கள். உறைந்த கிழங்கு மணல்போல நறநறக்கும். இறைச்சி சேர்ப்பவர்கள் கொத்துக்கறியை முழுமையாகச் சமைத்த பிறகே சேர்க்க வேண்டும். பாதியில் நிறுத்தும் என் விதி அங்கே செல்லாது.

சீஸைப் பொறுத்தவரை, ஈரம் குறைந்த கட்டி மொசரெல்லாவை வாங்கித் துருவிக்கொள்வதே எனக்குப் பிடித்தம். துருவியே விற்கப்படும் சீஸில், ஒட்டிக்கொள்ளாமல் இருக்க மாவோ செல்லுலோஸோ தூவியிருப்பதால் அது அவ்வளவு நன்றாக உருகிப் படர்வதில்லை. உறைந்த மொசரெல்லா உதிரியாகத்தான் இருக்கும். உருகிய பிறகு அந்தக் குறை தெரியாது. ரிகோட்டா உறைந்தால் திப்பியாகிவிடுவதால் அதை விட்டுவிட்டேன். சைவம் மட்டுமே உண்பவர்களுக்காக ஒரு வார்த்தை: அசல் பார்மசானான பார்மிஜானோ ரெஜ்ஜியானோ, கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும், பாலைத் திரளவைக்கும் உறைநொதியைக் கொண்டே செய்யப்படுகிறது; அதற்குப் பதிலாகத் தாவர அல்லது நுண்ணுயிர் உறைநொதியில் செய்த கெட்டிச் சீஸைத் தேடி வாங்கலாம். 300 கிராம் மொசரெல்லாவில் பாதியை உள்ளே கலந்துவிட்டு, மீதிப் பாதியையும் பார்மசானையும் ட்ரேக்கு ஒன்றாக இரண்டு சிறு பைகளில் போட்டுத் தனியே உறையவைக்கிறேன். மேலேயே தூவி உறையவைத்தால், மூடிவைத்துச் சூடாக்கும் நேரம் முழுவதும் அது அலுமினியத் தாளில் ஒட்டிக்கொண்டு, தாளைத் திறக்கும்போது தோலோடு உரிந்து வந்துவிடுகிறது.

அடுக்குவதற்கு முன் எல்லாம் ஆற வேண்டும் என்பதை நான் இரண்டாம் முறை செய்தபோதுகூட உணரவில்லை. சூடான சாஸை ஊற்றினால் பாஸ்தா மறுபடி வேகத் தொடங்குகிறது; சூட்டோடு மூடினால் நீராவி மூடியின் அடியில் முத்து முத்தாகத் திரண்டு, மேற்பரப்பில் உறைபனிப் படலமாகி, பின்னர் தண்ணீராக மேலேயே இறங்குகிறது. ஆறட்டும் என்று மேசையில் பாதி நாள் விட்டுவிடவும் கூடாது. 5 டிகிரி செல்சியஸுக்கும் 60 டிகிரிக்கும் இடைப்பட்ட சூட்டில்தான் நுண்ணுயிர்கள் வேகமாகப் பெருகும். சமைத்த உணவை அறை வெப்பத்தில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்கக் கூடாது. சாஸ் பாத்திரங்களைப் பனிக்கட்டி மிதக்கும் நீரில் இறக்கி, அவ்வப்போது கிளறிவிட்டால் அரை மணிக்குள் குளிர்ந்துவிடும். பிறகு பாஸ்தா, தக்காளி சாஸ், காய்கறி, வெள்ளை சாஸில் முக்கால் பங்கு, பாதி மொசரெல்லா எல்லாவற்றையும் பெரிய பாத்திரத்தில் கலந்து ட்ரேயில் நிரப்பி, மீதி வெள்ளை சாஸை மேலே போர்த்துகிறேன். வெளியே துருத்தி நிற்கும் பாஸ்தாதான் பின்னால் கல்லாகக் காய்கிறது. ஒன்றுகூடத் தலை தூக்காதபடி கரண்டியால் அழுத்திவிட வேண்டும்.

ட்ரேக்களை ஃப்ரீசரிலேயே மாதக்கணக்கில் முடக்காமலிருக்க நான் கையாளும் முறை எளிது. ட்ரேயின் இரு பக்கமும் தொங்கும்படி நீளமான அலுமினியத் தாளை விரித்து, அதன் மேல் பட்டர் பேப்பரை விரித்து, பிறகு பாஸ்தாவை நிரப்பி உறையவைக்கிறேன். தக்காளியின் புளிப்பு அலுமினியத்தை அரித்துச் சாம்பல் நிறப் புள்ளிகளையும் உலோகச் சுவையையும் கொண்டுவருவதால் நடுவில் அந்தக் காகிதம் அவசியம். மறுநாள் தொங்கும் ஓரங்களைப் பிடித்துத் தூக்கினால் செங்கல்லைப் போல ஒரே கட்டியாக வெளியே வரும். மேற்பரப்போடு ஒட்டும்படி பிளாஸ்டிக் உறையைச் சுற்றி, அதன் மேல் இன்னொரு அலுமினியத் தாளையும் சுற்றிவிடுகிறேன். இடையில் காற்று நின்றால் பனி உருகாமலே ஆவியாகி வெளியேறி, உணவின் மேல் காய்ந்த வெளிறிய திட்டுகளை விட்டுச் செல்லும். மைனஸ் 18 டிகிரியில் உணவு கெடாது என்றாலும் இரண்டு, மூன்று மாதத்துக்குள் சாப்பிட்டுவிடுவதே நல்லது. அதற்கு மேல் சுவை மங்குகிறது.

கண்ணாடி ட்ரேயைப் பற்றி ஓர் எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். ஃப்ரீசரிலிருந்து எடுத்த கண்ணாடி ட்ரேயை நேரே சூடான ஓவனுக்குள் வைத்து, அது உள்ளேயே டமாரென்று உடைந்து, சீஸும் கண்ணாடித் துண்டுகளும் கம்பித்தட்டின் வழியே சொட்டிய ஒரு மாலைப்பொழுது என் கணக்கில் இருக்கிறது. அடியில் சிந்தியது கரிந்து புகைந்ததால் ஓவன் ஆறும்வரை சன்னல்களைத் திறந்துவைத்துக்கொண்டு காத்திருந்தோம். உறைந்த கட்டியை நேரே சூடாக்குவதாக இருந்தால் உலோக ட்ரேதான் சரி.

இயன்றால் முதல் நாளே எடுத்துக் குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வைத்து, 24 மணி நேரம் மெதுவாக உருகவிட வேண்டும். அப்படி உருகியதை உறைகளை உரித்து அதே ட்ரேயில் இறக்கி, அலுமினியத் தாளால் மூடி, 190 டிகிரியில் அரை மணி நேரம் வைத்து, பிறகு திறந்து, ஒதுக்கிவைத்த சீஸைத் தூவி மேலும் 15, 20 நிமிடம் வைத்தால் போதும். உறைந்தபடியே வைப்பதாக இருந்தால் 180 டிகிரியில் மூடியபடி 70 முதல் 80 நிமிடம், திறந்து 20 நிமிடம் ஆகும். இவ்வளவு நேரமா என்று சலித்துக்கொண்டு ஒருமுறை வெப்பமானியை நடுவில் குத்திவைத்துப் பார்த்தேன். முள் பூஜ்ஜியத்தை அடைந்ததும் அங்கேயே உட்கார்ந்துகொண்டு அசைய மறுத்தது. பழுதோ என்று தட்டிக்கூடப் பார்த்தேன். ஒரு கிராம் பனியை உருக்க மட்டுமே 334 ஜூல் வெப்பம் வேண்டும். அதே வெப்பத்தில் ஒரு கிராம் தண்ணீரைப் பூஜ்ஜியத்திலிருந்து 80 டிகிரி வரை சூடாக்கிவிடலாம். பாதிச் சமையல் நேரம் வெறும் பனியை உருக்கவே போய்விடுகிறது என்று தெரிந்த பிறகு ஓவனைக் கூட்டி வைக்கும் ஆசை எனக்கு விட்டுப்போயிற்று. கூட்டினால் ஓரம் கருகுமே தவிர நடுப்பகுதி சீக்கிரம் சூடாகாது.

நடுவில் 74 டிகிரி வந்துவிட்டதா என்பதே முடிவான சோதனை. வெப்பமானி இல்லாதவர்கள் மெல்லிய கத்தியை நட்டநடுவில் இறக்கி, பத்து விநாடி வைத்திருந்து, எடுத்து மணிக்கட்டில் தொட்டுப் பார்க்கலாம். சுரீரென்று சுட வேண்டும், வெதுவெதுப்பு போதாது. ஓரங்களில் மட்டும் குமிழியிடுவதைப் பார்த்து ஏமாந்துவிடக் கூடாது. நடுவிலும் சீஸின் அடியிலிருந்து மெல்லக் கொப்பளிக்க வேண்டும். வெளியே எடுத்ததும் கால் மணி நேரம் தொடாமல் விட்டால் சாஸ் இறுகித் துண்டுகள் ஒழுங்காக வெட்டுப்படும். அந்தக் கால் மணி நேரத்தை எங்கள் வீட்டில் யாரும் முழுதாகப் பொறுத்ததில்லை.

கட்டியின் மேல் தேதியை மட்டும் எழுதினால் போதாது என்பதையும் அக்கா வீட்டில்தான் கற்றுக்கொண்டேன். தூக்கமில்லாதவர்களுக்கு எழுதுவது போல எழுத வேண்டும். இப்போது என் ஒட்டுச்சீட்டில் "180 டிகிரி, மூடி 75 நிமிடம், திறந்து 20 நிமிடம், பிளாஸ்டிக் உறையை முதலில் உரிக்கவும், சீஸ் தனிப் பையில்" என்று பெரிய எழுத்தில் இருக்கும். திருத்திய முறையில் செய்த முதல் ட்ரேயைச் சாப்பிட்டதும் அக்கா அழைத்து, "இந்தத் தடவை கடிச்சுச் சாப்பிட வேண்டியிருந்துச்சுடி, மாமா ரெண்டு தடவை போட்டுக்கிட்டார்" என்றாள். மேலே சீஸ் நன்றாக நிறம் பிடித்ததா என்று கேட்டேன். அந்தப் பக்கம் சற்று நேரம் பேச்சே இல்லை. பிறகு ஃப்ரீசர் கதவு திறக்கும் சத்தம் கேட்டது.